ஐஸ் பார் தள்ளுன ஆளு

எல்லாருக்கும் வணக்கம். படம் எடுக்கிற ஒருத்தரப் பத்தி ரேடியோல வந்து பேசுங்கன்னு கூப்பிட்டா எப்படிங்க, இங்க ஸ்கிரீனா இருக்கு, நான் சொல்லச் சொல்ல நீங்கதான் மனசுல ஓட்டிப் பாத்துக்கணும். நல்லவேளையா இவர் படத்துல கதைன்னு பெருசா ஒண்ணும் கிடையாது, யாராவது நடப்பாங்க, எதையாவது தள்ளுவாங்க, அவ்ளோதான்.

பேரு பிரான்சிஸ் அலீஸ். 1959ல பெல்ஜியத்துல ஆண்ட்வெர்ப்ல பொறந்தவரு, படிச்சது ஆர்க்கிடெக்சர். 1985ல மெக்சிகோ சிட்டில பெரிய பூகம்பம் வந்துச்சே, அதுக்கப்புறம் 1986ல அங்க வேலைக்குன்னு போனாரு, போனவரு அங்கயே தங்கிட்டாரு. கட்டடத்த விட்டுட்டு ரோட்டுல நடக்க ஆரம்பிச்சுட்டாரு.

1997ல ஒரு ஐஸ் பார், நம்ம மீன் மார்க்கெட்ல சாக்கப் போட்டு இழுத்துட்டுப் போவாங்களே அந்த மாதிரி பெருசு, அத மெக்சிகோ சிட்டி தெருவுல குனிஞ்சு ரெண்டு கையாலயும் தள்ளிட்டே போறாரு, ஒரு மணி நேரம் ரெண்டு மணி நேரம் இல்ல, ஒம்பது மணி நேரத்துக்கு மேல. கரைஞ்சு கரைஞ்சு சின்னதாகுது, அப்புறம் நிமிந்து நடந்துட்டே கால்ல எத்துறாரு, கடைசில கூழாங்கல்லு சைஸ், அப்புறம் தரையில கொஞ்சம் ஈரம். படம் என்னவோ அஞ்சு நிமிஷம்தான். மொதல்ல பாத்தப்ப இவருக்கு வேற பொழப்பே இல்லையான்னுதான் எனக்குத் தோணுச்சு, ஆனா அந்த ஊர்ல காலையில இருந்து ராத்திரி வரைக்கும் வண்டி தள்ளி வெறுங்கையோட வீட்டுக்குப் போற ஆளு எத்தன பேரு, அவங்களும் இப்படித்தான குனிஞ்சு தள்ளுறாங்க, அவங்கள யாரு நின்னு பாக்குறா.

இதவிட எனக்குப் பிடிச்சது அந்த ஊரு சோக்கலோ மைதானத்துல 1999ல எடுத்தது. நடுவுல ராட்சசக் கொடிக்கம்பம், சுத்தி மரமே கிடையாது, மண்டையப் பொளக்குற வெயிலு. கம்பத்தோட நிழல் கோடு மாதிரி தரையில விழுது, ஜனங்க அந்தக் கோட்டுக்குள்ள வரிசையா நிக்கிறாங்க, நிழல் நகர நகர அவங்களும் நகர்றாங்க. யாரும் யாருக்கும் சொல்லலங்க! அலீஸ் இதுல ஒண்ணுமே செய்யல, 12 மணி நேரம் கேமராவ வெச்சுட்டாரு. 12 மணி நேரமும் நான் பாக்கல, அதையும் சொல்லிடுறேன்.

பெருசாவும் செஞ்சிருக்காரு. 2002ல பெருவுல லிமா பக்கத்துல 500 பேருக்கு மண்வெட்டி குடுத்து ஒரு மணல்மேட்டையே சில இஞ்ச் நகத்துனாங்க. உலகமே அதத்தான் தூக்கி வெச்சுக் கொண்டாடுச்சு, எனக்கு அந்த நிழலே போதும். அப்புறம் மெக்சிகோ சிட்டிக்குத் தெக்க வறண்ட காடுகள்ல நாம பேய்க்காத்துன்னு சொல்றோமே, அதுக்குள்ள கேமராவக் கையில பிடிச்சுட்டு ஓடி ஓடி நுழைவாரு, இதையே பத்து வருஷம். நம்மள எல்லாம் சின்ன வயசுல அது பக்கமே போகாதன்னு வெரட்டுனாங்க.

இப்போ பல வருஷமா பல நாட்டுப் புள்ளைங்க விளையாடுறத எடுத்துட்டு வர்றாரு, 2022ல வெனிஸ்ல நடந்த உலகக் கலைக் கண்காட்சில பெல்ஜியம் அரங்குல அதான். ஈராக்ல மோசுல்ங்கிற ஊர்ல ஐஎஸ் தீவிரவாதிங்க ஃபுட்பாலத் தடை பண்ணியிருந்தாங்க, அங்க பசங்க பந்தே இல்லாம ஃபுட்பால் ஆடுறாங்க, பாஸ் குடுக்குறான், கோல் அடிக்கிறான், பந்து மட்டும் இல்ல. காங்கோல லுபும்பாஷில ஒரு பையன் சுரங்கக் கழிவு மலை மேல டயர உருட்டிட்டு ஏறி, உச்சிக்குப் போனதும் டயருக்குள்ளயே சுருண்டு உக்காந்து உருண்டு வர்றான். நாமளும் டயரு உருட்டுனவங்கதான், ஆனா குச்சியால தட்டிட்டுப் பின்னாலதான ஓடுனோம்.

இதுக்கெல்லாம் ஆரம்பம் 1999ல எடுத்த குட்டிப் படம். மெக்சிகோல ஒரு செங்குத்தான தெரு, ஒரு பொடியன் பிளாஸ்டிக் பாட்டில மேல எத்துறான், அது உருண்டு கீழ வருது, மறுபடி எத்துறான். ஐஸத் தள்ளுன ஆளு அத ஒம்பது மணி நேரம் யோசிச்சுத் தள்ளியிருப்பாரு போல, இவன் வீட்டுக்குப் போற வழியில சும்மா செஞ்சுட்டுப் போறான்.