நீலத்திரையில் வரும் பெயர்

வணக்கம் நேயர்களே. 2024 ஜூலை 19, வெள்ளிக்கிழமை. நம் நேரப்படி காலை 9.39-க்கு கிரவுட்ஸ்ட்ரைக் என்ற பாதுகாப்பு நிறுவனம் ஒரு சின்னக் கோப்பை வாடிக்கையாளர்களின் கம்ப்யூட்டர்களுக்கு அனுப்பியது. 10.57-க்குத் திரும்பப் பெற்றுவிட்டது. அதற்குள் உலகெங்கும் சுமார் 85 லட்சம் விண்டோஸ் கம்ப்யூட்டர்கள் நீலத்திரையோடு, அதாவது விண்டோஸ் நின்றுபோகும்போது வரும் பிழைத் திரையோடு முடங்கின என்பது மைக்ரோசாஃப்ட் சொன்ன கணக்கு. இந்திய விமான நிலையங்களில் போர்டிங் பாஸைக் கையால் எழுதிக் கொடுத்தார்கள்.

சாதாரண மென்பொருள் பிசகினால் அது மட்டும் மூடிக்கொள்ளும். ஆனால் பிரிண்டர் போன்ற சாதனங்களையும் சில பாதுகாப்பு மென்பொருள்களையும் விண்டோஸோடு இணைக்கும் டிரைவர் என்ற மென்பொருள் அப்படியில்லை. விண்டோஸின் உள்மையமான கெர்னலுக்குள் ஓடுவதால், அது பிசகினால் விண்டோஸே நின்றுவிடும்.

அன்றைக்கு நீலத்திரையில் தெரிந்த பெயர் சிஎஸ்ஏஜென்ட் என்ற கிரவுட்ஸ்ட்ரைக்கின் டிரைவர். ஆனால் கிரவுட்ஸ்ட்ரைக் நீக்கச் சொன்னது அதை அல்ல! அதே ஃபோல்டரில் சி-00000291 என்று தொடங்கும் தரவுக் கோப்பைத்தான். டிரைவர் 21-வது உள்ளீட்டைத் தேடிப் போனது, இருந்ததோ 20தான். திரையில் வரும் பெயர் விழுந்தது யார் என்று சொல்லும். தள்ளிவிட்டது யார் என்பதை நாம்தான் தேட வேண்டும். என்டிஓஎஸ்கெர்னல் என்ற பெயரும் அடிக்கடி வரும். அது விண்டோஸின் கெர்னலேதான், அதில் கை வைக்கவே கூடாது.

சரி, வீட்டுக் கம்ப்யூட்டரில் என்ன செய்வது? நீலத்திரையில் வரும் பெயரை போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள். கடைசியாக எந்த பிரிண்டரை, எந்த கிராஃபிக்ஸ் அப்டேட்டைப் போட்டீர்கள் என்று யோசியுங்கள். அத்தியாவசியமானவை மட்டும் ஓடும் சேஃப் மோடில் நுழைந்து, சாதனங்களின் பட்டியலான டிவைஸ் மேனேஜரில் அந்தச் சாதனத்தின் பழைய டிரைவருக்குத் திரும்ப முடிகிறதா என்று முதலில் பாருங்கள். முடியாவிட்டால் அங்கிருந்தே அன்இன்ஸ்டால் செய்யுங்கள். டிரைவர் மென்பொருளையும் நீக்கவா என்று கேட்கும் கட்டத்தில் டிக் போட மறக்காதீர்கள். ஃபோல்டருக்குள் போய் கோப்பை நேரடியாக டெலீட் செய்யாதீர்கள். விண்டோஸ் தன் அமைப்புகளைக் குறித்துவைக்கும் ரெஜிஸ்ட்ரி என்ற பதிவேட்டில் அதன் பெயர் அப்படியே இருக்கும். தொடக்கத்திலேயே தேவைப்படும் டிரைவராக இருந்தால் விண்டோஸ் எழுந்திருக்கவே எழுந்திருக்காது. வேறு வழியே இல்லையென்றால் அழிக்காமல் பெயரை மட்டும் மாற்றி வையுங்கள்.

அப்புறம், டிஸ்க்கைப் பூட்டிவைக்கும் விண்டோஸ் வசதியான பிட்லாக்கர். அந்த வெள்ளிக்கிழமை பல ஐடி ஊழியர்களைத் திணறடித்தது இதுதான். டிஸ்க் பூட்டப்பட்டிருந்தால், பழுதுபார்க்கும் திரையில் 48 இலக்கச் சாவி கேட்கும். இன்றைய லேப்டாப்கள் பலவற்றில், நாம் கேட்காமலே இந்தப் பூட்டு போடப்பட்டிருக்கிறது. உங்கள் மைக்ரோசாஃப்ட் கணக்கில் அந்தச் சாவி இருக்கிறதா என்று, கம்ப்யூட்டர் நன்றாக ஓடும்போதே பார்த்து, தாளில் எழுதி வையுங்கள்.