ஆனந்த பவனத்துப் பேத்தி

நேயர்களுக்கு அன்பு வணக்கம்.

அலகாபாத், ஆனந்த பவனம். மாலைத் தேநீர் நேரம். மேசையில் சாக்லேட் கேக். அந்த வேளையில் அப்பாவைக் கைது செய்யப் போலீஸார் வருகிறார்கள். மூன்று வயதுக் குழந்தை காரணம் கேட்கிறது. அப்பா விரும்பித்தான் சிறைக்குப் போகிறார் என்று அம்மா பொறுமையாக விளக்குகிறார். பிள்ளைகள் அப்பாவுக்கு முத்தம் கொடுத்து வழியனுப்பிவிட்டு, மீண்டும் வந்து கேக் சாப்பிடுகிறார்கள்.

அந்தக் குழந்தைதான் பின்னாளில் ஆங்கில நாவலாசிரியராக அறியப்பட்ட நயன்தாரா சாகல். 1927-இல் பிறந்தவர். மோதிலால் நேருவின் மகள் வயிற்றுப் பேத்தி. தாய் விஜயலட்சுமி பண்டிட், தாய்மாமன் ஜவஹர்லால். 1954-இல் வெளிவந்த அவரது முதல் நூலின் தலைப்பே 'சிறையும் சாக்லேட் கேக்கும்' என்று பொருள்படும். அந்த வீட்டில் சிறை என்பது அவமானச் சொல் அன்று. அப்பாவும் அம்மாவும் மாமாவும் மாறி மாறிப் போய் வருகிற இடம்.

இவரைப் பற்றிப் பேசுகிறவர்கள் நேருவிடம் நின்றுவிடுகிறார்கள். நான் தந்தையிடம் போக விரும்புகிறேன். ரஞ்சித் சீதாராம் பண்டிட் பெரிய வடமொழி அறிஞர். காஷ்மீர மன்னர்களின் வரலாறான கல்ஹணரின் 'ராஜதரங்கிணி'யை ஆங்கிலத்தில் பெயர்த்தவர். சிறைவாசம் உடலைக் குலைத்துவிட, 1944 ஜனவரியில் காலமானார். மகள் அப்போது அமெரிக்காவில் வெல்ஸ்லி கல்லூரி மாணவி.

கல்ஹணர் தம் நூலின் தொடக்கத்திலேயே ஒரு விதி சொல்கிறார்: நடந்ததைச் சொல்லும்போது விருப்பு வெறுப்பின்றி நீதிபதியைப் போலச் சொல்கிற புலவனே பாராட்டத் தக்கவன். அப்பா பெயர்த்த அந்த வரிகளுக்கு மகள் பின்னாளில் தந்த விலை பெரிது.

1975 ஜூனில் நெருக்கடிநிலை வந்தது. அதைக் கொண்டுவந்தவர் மாமன் மகள் இந்திரா. நயன்தாரா வெளிப்படையாக எதிர்த்தார். 1977 தேர்தலில் தாயும் அண்ணன் மகளுக்கு எதிராகப் பிரசாரம் செய்தார். ஜனதா அரசு நயன்தாராவை இத்தாலிக்குத் தூதராக நியமித்தது. 1980-இல் ஆட்சிக்குத் திரும்பிய இந்திரா அந்த நியமனத்தை ரத்து செய்தார்.

அந்தக் காலத்தின் வாக்குமூலம்தான் 1985-இல் வந்த 'ரிச் லைக் அஸ்' நாவல். சோனாலி நேர்மையான அரசு அதிகாரி. ஒரு குளிர்பானத் தொழிற்சாலைக்கு அனுமதி மறுத்ததற்காகப் பதவியை இழக்கிறாள். வீட்டில் தாத்தா எழுதி வைத்த பழைய காகிதங்கள் கிடைக்கின்றன. அவற்றில் உடன்கட்டையின் கொடுமை விரிகிறது. ஒரு பெண்ணைத் தீயில் தள்ளியபோது ஊர் மௌனமாக நின்றது. இப்போது நெருக்கடிநிலையில் நாடே அப்படி நிற்கிறது. இந்த இரண்டு மௌனங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்ததில்தான் நாவலின் பெருமை இருக்கிறது. அவருடைய மற்ற சில நாவல்களில் வரவேற்பறை உரையாடல்கள் நீண்டுவிடுகின்றன. பாத்திரங்கள் பேசப் பேசக் கதை நின்றுபோகிறது. இதில் அந்தக் குறை இல்லை. 1986-இல் சாகித்திய அகாதெமி விருது இதற்குத்தான் கிடைத்தது.

'தி டே இன் ஷேடோ' நாவலையும் சொல்லாமல் விட மனம் வரவில்லை. மணவிலக்கு ஒப்பந்தத்தின் வரிச்சுமையில் சிக்கித் தவிக்கும் ஒரு பெண்ணின் கதை அது. தாமும் மணமுறிவைக் கடந்து வந்தவர் என்பதால், ஒரு பத்திரத்தின் வரிகள் பெண்ணை எப்படி நெரிக்கும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

2015 அக்டோபரில், எழுத்தாளர்களும் பகுத்தறிவாளர்களும் கொல்லப்படுவதைக் கண்டித்து, அகாதெமி விருதைத் திருப்பிக் கொடுத்தார். 2019 ஜனவரியில் யவத்மாலில் நடந்த மராத்தி இலக்கிய மாநாட்டைத் தொடங்கிவைக்க அவரை அழைத்தார்கள். எதிர்ப்பு கிளம்பும் என்ற அச்சத்தில் அழைப்பைத் திரும்பப் பெற்றார்கள். அப்போது அவருக்கு வயது 91. மேடையில் பேசுவதற்காக எழுதி வைத்திருந்த உரை அப்படியே அச்சாகி, அந்த அரங்கு கொள்ளாத அளவு வாசகர்களைப் போய்ச் சேர்ந்தது.