பவுல் குதிரையிலிருந்து விழவே இல்லை

வணக்கம். மைக் வேலை செய்கிறதா என்று ஒரு தரம் பார்த்துக்கொள்கிறேன். போன வீடியோவில் முதல் நான்கு நிமிடம் என் வாய் மட்டும்தான் அசைந்தது. சரி, கேட்கிறது.

கையில் ஒரு காலண்டர் வைத்திருக்கிறேன். கேமராவுக்குக் கிட்டே கொண்டுவருகிறேன், பாருங்கள். ஜனவரி மாதத் தாள். 25-ஆம் தேதிக்குக் கீழே பொடி எழுத்தில் ‘புனித பவுல் மனமாற்றம்’ என்று இருக்கிறது. மேலே படம். ஒரு வெள்ளைக் குதிரை முன்னங்கால்களைத் தூக்கிக்கொண்டு நிற்கிறது, தரையில் ஒருவர் மல்லாந்து கிடக்கிறார், வானத்திலிருந்து ஒளி இறங்குகிறது. எங்கள் வீட்டில் அம்மாவைப் பெற்ற பாட்டி கத்தோலிக்கர், அப்பாவைப் பெற்ற பாட்டி சி.எஸ்.ஐ. முதல் பாட்டிக்கு இவர் சின்னப்பர், இரண்டாவது பாட்டிக்குப் பவுல். இயேசுவின் சீடர்களைப் பிடிக்க சிரியாவிலுள்ள தமஸ்குவுக்குப் போகும் வழியில் ஒளி கண்டு விழுந்து, பிறகு இயேசுவைப் பற்றியே பிரசங்கித்தவர். ஆனால் இரண்டு பேருமே கதை சொல்லும்போது அவரைக் குதிரையிலிருந்துதான் விழவைப்பார்கள்.

இது அப்பா வழிப் பாட்டியின் பைபிள். முதுகு பிய்ந்துவிட்டது, டேப் போட்டு ஒட்டியிருக்கிறேன். இயேசுவுக்குப் பிறகு அவர் சீடர்கள் செய்ததைச் சொல்லும் அப்போஸ்தலருடைய நடபடிகளில் இந்தச் சம்பவம் மூன்று தடவை வருகிறது: 9, 22, 26-ஆம் அதிகாரங்கள். மூன்றிலும் பஸ் டிக்கெட் செருகி வைத்திருக்கிறேன். நேற்று ராத்திரி மூன்றையும் விரல் வைத்துத் தேடினேன். தரையில் விழுந்தார் என்று இருக்கிறது. குதிரை எங்கேயும் இல்லை. ஓவியர்கள் ஏற்றிவிட்ட குதிரை அது. ரோமில் ஒரு தேவாலயத்தில் கரவாஜியோ 1600-ஐ ஒட்டி வரைந்த படம் இருக்கிறது, அதில் பாதிக்கு மேல் குதிரையின் உடம்புதான். அதைப் பார்த்த பிறகு யாருக்கும் அவரை நடக்கவைக்க மனசு வராது.

குதிரையை விடுங்கள். அதைவிடப் பெரிய ஒரு தவறு இந்தக் கதையோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. சவுல் என்ற யூதர் தன் மதத்தை உதறிவிட்டுக் கிறிஸ்தவ மதத்துக்கு மாறினார், பெயரையும் பவுல் என்று மாற்றிக்கொண்டார் என்று ஒரே வரியில் சொல்லிவிடுகிறோம். அந்த வரி எனக்கு இடிக்கிறது. இன்றைக்கு அதைத்தான் பேசப்போகிறேன்.

முதலில் அவர் ஊர். தர்சு. இன்றைய துருக்கியின் தெற்கே, மெர்சின் மாகாணத்தில் இருக்கிறது. அந்தக் காலத்தில் கிலிக்கியா நாட்டின் பெரிய நகரம். கிளியோபாத்ரா படகில் வந்து ஆண்டனியைச் சந்தித்தது இங்கேதான், கி.மு. 41-இல். தத்துவம் படிப்பதில் தர்சு மக்கள் காட்டும் ஆர்வம் ஏதென்ஸையும் அலெக்சாண்ட்ரியாவையும் மிஞ்சியது என்று புவியியல் எழுதிய ஸ்ட்ராபோ சொல்கிறார். ஆக, கிரேக்கம் தெருவில் புரண்ட ஊர். அங்கே ஒரு யூதக் குடும்பம், பென்யமீன் கோத்திரம். இஸ்ரவேலின் முதல் ராஜா சவுல் அந்தக் கோத்திரத்திலிருந்து வந்தவர். பையனுக்கு அந்தப் பெயரையே வைத்திருக்கிறார்கள். வெளியூரில் குடியிருக்கிறவர்கள்தானே குலப்பெயரை அதிகமாகப் பிடித்துக்கொள்வார்கள்!

அதே பையன் பிறப்பிலேயே ரோமக் குடிமகன் என்றும் நடபடிகள் சொல்கிறது. அப்படிப்பட்டவருக்கு லத்தீன் பெயர் ஒன்று இருப்பது சாதாரணம். பவுலுஸ் அந்த வகைப் பெயர், ‘சிறியவர்’ என்று அர்த்தம். அதை அப்படியே தமிழாக்கித்தான் நம் கத்தோலிக்கர்கள் சின்னப்பர் என்றார்கள். எனக்குத் தெரிந்து ஒரு வேதப் பெயருக்கு இவ்வளவு அழகான தமிழ் வேறு அமையவில்லை. ஆனால் தமஸ்கு வழியில் யாரும் அவருக்குப் புதுப் பெயர் சூட்டவில்லை. கேட்ட குரலே ‘சவுலே, சவுலே’ என்றுதான் கூப்பிடுகிறது. அதன் பிறகும் நான்கு அதிகாரம் சவுலாகவே நடமாடுகிறார். 13-ஆம் அதிகாரத்தில், சைப்ரஸ் தீவில் ரோம ஆளுநருக்கு முன்னால் நிற்கும்போதுதான் ‘பவுல் என்று சொல்லப்பட்ட சவுல்’ என்று வருகிறது. வீட்டில் ஒரு பெயர், ஆபீசில் ஒரு பெயர், அவ்வளவுதான்.

அடுத்து, பவுல் ஒரு பரிசேயன், அதாவது யூதர்களுக்குள் இருந்த ஒரு பிரிவைச் சேர்ந்தவர். ஞாயிறு பள்ளியில் எங்களுக்கு இது வசவு வார்த்தை. வெளிவேஷக்காரனை ‘சரியான பரிசேயன்’ என்போம். ஆனால் அந்தக் காலத்து யூத மக்களிடம் இவர்களுக்கு நல்ல மதிப்பு இருந்தது. ஏரோது ராஜாவின் காலத்தில் ஆறாயிரத்துக்கு மேல் இருந்தார்கள் என்று யூத வரலாற்றாசிரியர் யோசேப்பஸ் எழுதியிருக்கிறார். மோசேயின் எழுதப்பட்ட சட்டமாகிய நியாயப்பிரமாணத்தோடு வாய்வழி வந்த மரபையும் காப்பாற்றியவர்கள். ஆலயத்துக்கு மட்டுமே உரியது என்றிருந்த தூய்மையை வீட்டுச் சாப்பாட்டு மேசைக்கும் கொண்டுவர முயன்றவர்கள். இன்னொன்று, இதை மறக்காதீர்கள்: செத்தவர்கள் ஒருநாள் உடம்போடு எழுந்திருப்பார்கள் என்று பரிசேயர் நம்பினார்கள். ஆலயத்தைக் கையில் வைத்திருந்த சதுசேயர் அதை நம்பவில்லை. பின்னால் இது தேவைப்படும்.

பவுல் எருசலேமில் கமாலியேல் என்ற பரிசேய ஆசிரியரின் காலடியில் படித்தார் என்கிறது நடபடிகள். கமாலியேல் நிதானமான ஆள். இயேசுவின் சீடர்களை விசாரித்தபோது, இது மனிதரால் வந்ததானால் தானே ஒழியும், தேவனால் வந்ததானால் உங்களால் ஒழிக்க முடியாது, விட்டுவிடுங்கள் என்று யூதரின் ஆலோசனைச் சங்கத்தில் சொன்னவர். குரு அப்படி, சீடன் இப்படி. இயேசுவைப் பின்பற்றிய ஸ்தேவானைக் கல்லெறிந்து கொல்லும்போது எறிகிறவர்கள் தங்கள் மேலாடையைக் கழற்றி ‘சவுல் என்னப்பட்ட ஒரு வாலிபன்’ காலடியில் வைக்கிறார்கள். அவர் கல்லைத் தொடவில்லை, துணிக்குக் காவல் நிற்கிறார். பைபிளுக்குள் அவர் நுழைகிற காட்சியே அதுதான்.

ஏன் இத்தனை கோபம்? ‘ரொம்பக் கெட்டவராக இருந்தார்’ என்று சொல்லி நம் பிரசங்கங்கள் இந்தக் கேள்வியைத் தாண்டிவிடுகின்றன. அவரே பிலிப்பியருக்கு எழுதிய கடிதத்தில் தன் பழைய கணக்கைப் போடுகிறார்: எட்டாம் நாள் விருத்தசேதனம் (ஆண் குழந்தைக்கு நுனித்தோல் நீக்கும் யூதச் சடங்கு), பென்யமீன் கோத்திரம், எபிரெயரில் பிறந்த எபிரெயன், பரிசேயன், ‘பக்திவைராக்கியத்தின்படி சபையைத் துன்பப்படுத்தினவன்’. கடைசியாக ஒரு வார்த்தை: நியாயப்பிரமாணத்தின் நீதிப்படி ‘குற்றஞ்சாட்டப்படாதவன்’. இதை இரண்டு தரம் படியுங்கள். குற்ற உணர்ச்சியில் தூங்காமல் புரண்டவர் எழுதுகிற வரியா இது? முதல் மார்க் வாங்கிய பையன் ரேங்க் கார்டைக் காட்டுகிற மாதிரி இருக்கிறது.

வைராக்கியம் என்ற சொல் அவருக்கு வேதத்திலிருந்தே வந்தது. எண்ணாகமம் 25-இல் பினெகாஸ் என்ற ஆசாரியன் ஈட்டியை எடுத்துக்கொண்டு போய், வரம்பு மீறிய இருவரைக் குத்திக் கொல்கிறான். அது வைராக்கியம் என்று பாராட்டப்படுகிறது. சமூகத்துக்குள் கறை வந்தால் அதை வெட்டி எறிவதும் பக்திதான் என்று நினைத்த ஒரு மரபு. சரி, இயேசுவின் ஆட்களிடம் என்ன கறை? உபாகமம் 21:23. மரத்தில் தூக்கப்பட்டவன் தேவனால் சபிக்கப்பட்டவன். சிலுவையில் தொங்கிச் செத்த ஒருவனை, தேவன் அனுப்புவார் என்று யூதர் காத்திருந்த மேசியா என்று ஜெப ஆலயத்துக்குள்ளேயே வந்து சொன்னால், வேதம் படித்த வாலிபனுக்கு எப்படி இருக்கும்? சாபத்தைக் கொண்டுவந்து பீடத்தில் வைக்கிற மாதிரி. நான் அந்த இடத்தில் இருந்திருந்தால் துணிக்குக் காவல் நின்றிருப்பேனோ என்னவோ. ஒருநொடி யோசித்துவிட்டுத்தான் இதைச் சொல்கிறேன்.

பிரதான ஆசாரியனிடம் கடிதம் வாங்கிக்கொண்டு தமஸ்குவுக்குக் கிளம்புகிறார். எருசலேமிலிருந்து சுமார் 220 கிலோமீட்டர், நடந்தால் ஒரு வாரம். ஏறக்குறைய கி.பி. 33-க்கும் 36-க்கும் நடுவில். பிடிக்கப்போனது யாரை? ‘இந்த மார்க்கத்தாரை’ என்கிறது பழைய மொழிபெயர்ப்பு. கிறிஸ்தவர் என்ற பெயரே அப்போது பிறக்கவில்லை. அது பிற்பாடு அந்தியோகியா நகரத்தில் வந்தது. ஆகவே மாறுவதற்கு இன்னொரு மதம் என்று ஒன்று அங்கே இல்லை. இருந்தது யூதர்களுக்குள் ஒரு புது வழி.

இப்போது அந்த மூன்று டிக்கெட்டுகள். 9-ஆம் அதிகாரத்தில் கூட வந்தவர்கள் சத்தம் கேட்டார்கள், ஆளைப் பார்க்கவில்லை. 22-இல் ஒளியைப் பார்த்தார்கள், பேசினவரின் சத்தம் கேட்கவில்லை. 26-இல் எல்லாரும் சேர்ந்தே விழுகிறார்கள். ஒரே ஆசிரியர், ஒரே புத்தகம், மூன்று விதம். சின்ன வயதில் இதைக் கேட்டதற்கு எனக்குத் திட்டு விழுந்தது. இப்போது அது உறுத்தவில்லை. எங்கள் தாத்தா பர்மாவிலிருந்து நடந்து வந்த கதையே வீட்டில் மூன்று விதமாக உலவுகிறது.

26-இல் ஒரு பழமொழி வருகிறது: ‘முள்ளில் உதைக்கிறது உனக்குக் கடினமாம்.’ முள் என்றதும் நான் கருவேல முள்ளை நினைத்திருந்தேன். இது தார்க்குச்சி. ஏர் உழுகிறவர் கையில் இருக்கும் கம்பு, நுனியில் இரும்பு ஆணி. மாடு பின்னங்காலால் உதைத்தால் ஆணி இன்னும் ஆழமாக ஏறும், வலி மாட்டுக்குத்தான். மனசாட்சி உள்ளே குத்திக்கொண்டிருந்தது என்று இதற்குப் பிரசங்கம் செய்வார்கள். ஆனால் கிரேக்க நாடகங்களில் இந்தப் பழமொழி வரும்போது, தன்னைவிடப் பெரிய சக்தியை எதிர்த்து வீணாகத் திமிறாதே என்றுதான் அர்த்தம். மனசாட்சிப் பேச்சே அதில் இல்லை.

கண் தெரியவில்லை. கையைப் பிடித்து நடத்திக் கூட்டிப்போகிறார்கள். நேர்த்தெருவில் யூதா என்பவர் வீடு. மூன்று நாள் சோறு தண்ணீர் இல்லை. நேர்த்தெரு இன்றைக்கும் தமஸ்குவின் பழைய நகரத்தில் இருக்கிறது, ரோமர் போட்ட நெடுஞ்சாலையின் தடம். அங்கே அந்த ஊரில் இருந்த சீடர் அனனியா வருகிறார். இந்த ஆள் தன்னைப் போன்றவர்களைக் கட்டி இழுத்துப்போக வந்தவர் என்று அனனியாவுக்கு நன்றாகத் தெரியும். முதலில் வரமாட்டேன் என்று தரிசனத்திலேயே வாதாடுகிறார். அப்புறம் வந்து, கையை வைத்து, முதல் வார்த்தையாகச் சொல்வது ‘சகோதரனாகிய சவுலே’. மீன் செதிள் மாதிரி ஏதோ கண்ணிலிருந்து விழுந்தது என்பதைவிட எனக்கு இந்த ‘சகோதரனாகிய’தான் பெரிய அற்புதம். இந்த அனனியா யார் என்று 22-ஆம் அதிகாரம் சொல்கிறது: வேதப்பிரமாணத்தின்படி பக்தியுள்ளவர், ஊர் யூதர் எல்லாரிடமும் நல்ல பெயர் எடுத்தவர். அதாவது வாசலில் நின்று வரவேற்றவரும் நியாயப்பிரமாணம் காக்கும் யூதர்தான்.

பவுல் தன் கடிதங்களில் இந்த ஒளி, விழுந்தது, குருடானது எதையுமே விவரிக்கவில்லை. கலாத்தியருக்கு எழுதும்போது, தாயின் வயிற்றிலிருந்தே தன்னைப் பிரித்தெடுத்து அழைத்த தேவன், தன் குமாரனை வெளிப்படுத்தினார் என்று முடித்துக்கொள்கிறார். தாயின் வயிறு என்பது பழைய ஏற்பாட்டுத் தீர்க்கதரிசிகளான எரேமியாவும் ஏசாயாவும் தங்கள் அழைப்பைச் சொன்ன பாஷை. சுவீடன் நாட்டு அறிஞர் கிறிஸ்தர் ஸ்டெண்டால் இதைப் பிடித்துக்கொண்டுதான், இதை மதமாற்றம் என்பதைவிட தீர்க்கதரிசி பெற்ற அழைப்பு என்பதே பொருந்தும் என்று வாதாடினார். எனக்கு முக்கால்வாசி சம்மதம். மீதிக் கால் ஏன் என்றால், பிலிப்பியரில் பழைய பெருமைகளை ‘குப்பை’ என்றும் அவரே எழுதுகிறார். ஒன்றுமே உடையவில்லை என்று சொல்லிவிட முடியாது.

உடைந்தது எது? அந்த உபாகம வசனம். கலாத்தியரில் அதையே எடுத்து எழுதுகிறார், ஆனால் இயேசு நமக்காகச் சாபமானார் என்று திருப்பிப் போட்டுவிட்டார். சிலுவையில் செத்தவர் உயிரோடு இருக்கிறார் என்றால், தேவன் அவரைச் சபிக்கவில்லை என்று ஆகிறது. பரிசேயன் ஏற்கெனவே உயிர்த்தெழுதலை நம்புகிறவன். கடைசிநாளில் நடக்கும் என்று காத்திருந்தது ஒருவருக்கு முன்கூட்டியே நடந்துவிட்டது, ஆகவே கடைசிக்காலம் தொடங்கிவிட்டது. அப்போது யூதரல்லாத மற்ற ஜனங்களும் வருவார்கள் என்று ஏசாயா சொன்னதும் தொடங்கவேண்டுமே! விருத்தசேதனம் இல்லாமலே அவர்களைச் சேர்க்கவேண்டும் என்று பிறகு அவர் போட்ட சண்டையெல்லாம் இதிலிருந்து கிளைத்ததுதான். ஒரு சதுசேயன் இந்த இடத்துக்கு வந்திருக்கவே முடியாது.

அதன் பிறகு அரேபியா போனார். தியானம் செய்யப் போனார் என்பார்கள். ஆனால் அந்த நபத்தேய நாட்டு ராஜா அரேத்தாவின் அதிகாரி அவரைப் பிடிக்கத் தமஸ்குவில் காவல் வைக்கிறார். கண்ணை மூடி உட்கார்ந்திருந்தவரை யார் தேடப்போகிறார்கள்? கூடையில் உட்காரவைத்து மதில் ஜன்னல் வழியாக இறக்கிவிட்டார்கள். அதிகாரக் கடிதத்தோடு வந்தவர் கூடையில் கிளம்பினார். மூன்று வருஷம் கழித்துத்தான் எருசலேமில் பேதுருவைப் பார்க்கிறார், பதினைந்து நாள் கூடத் தங்குகிறார்.

பேட்டரி சிவப்பு காட்டுகிறது. ஒன்றே ஒன்று வாசித்துவிடுகிறேன், 23-ஆம் அதிகாரம். ஸ்தேவான் செத்து இருபது வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. அதே எருசலேம், அதே ஆலோசனைச் சங்கம், இந்த முறை கூண்டில் நிற்பவர் பவுல். எழுந்து கத்துகிறார்: நான் பரிசேயன், பரிசேயனின் மகன், உயிர்த்தெழுதலைக் குறித்த நம்பிக்கைக்காகவே விசாரிக்கப்படுகிறேன். பரிசேயனாக ‘இருந்தேன்’ என்று சொல்லவில்லை. சபை இரண்டாகப் பிளந்துவிடுகிறது. பரிசேயர் பக்கத்து வேதபாரகர், அதாவது வேத அறிஞர் சிலர் எழுந்து, இவரிடம் ஒரு குற்றமும் காணோம், ஒரு தேவதூதன் இவரோடு பேசியிருந்தால் ‘நாம் தேவனுடனே போர்செய்வது தகாது’ என்கிறார்கள். கமாலியேல் அன்றைக்குச் சொன்னதும் கிட்டத்தட்ட இதேதான்.