மினியாபொலிஸின் இருவரும் கணக்குப் பார்த்த மூன்றாமவரும்

நேயர்களுக்கு வணக்கம். இன்றைக்கு அட்மாஸ்ஃபியர் என்கிற ராப் இரட்டையரைப் பற்றிப் பேசலாம் என்றிருக்கிறேன்.

அமெரிக்காவின் வடக்கே மினசோட்டா மாநிலத்தில் மினியாபொலிஸ் என்று ஒரு நகரம். மிசிசிப்பி ஆற்றங்கரை ஊர், குளிர்காலத்தில் பனி கொட்டித் தீர்க்கும் ஊர். பாடகர் பிரின்ஸின் ஊர் என்றால் சிலருக்குச் சட்டென்று பிடிபடும். ராப் என்றாலே நியூயார்க், லாஸ் ஏஞ்சலஸ், அப்புறம் அட்லாண்டா என்றுதான் அன்றைக்குப் பேச்சு. 1990களில் மினியாபொலிஸை யாரும் கணக்கிலேயே சேர்க்கவில்லை. அங்கிருந்து கிளம்பிய இரண்டு பேர், தங்கள் பதிவுகளின் உரிமையைப் பெரிய நிறுவனம் எதற்கும் எழுதிக் கொடுக்காமல், 2008ல் பில்போர்டு 200 என்கிற அமெரிக்காவின் வாராந்திர ஆல்பம் விற்பனைப் பட்டியலில் ஐந்தாம் இடத்துக்குப் போனார்கள். முதல் வாரத்தில் 36,000 பிரதிகள் விற்றன. அந்த ஆல்பத்தின் முழுப்பெயரை வானொலியில் சொல்ல முடியாது, நடுவே ஒரு கெட்ட வார்த்தை வருகிறது. எலுமிச்சம்பழம் பற்றிய பெயர் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இருவரில் வரிகளை எழுதிப் பாடுகிறவர் ஸ்லக். இயற்பெயர் ஷான் டேலி. இசையமைக்கிறவர் ஆன்ட், அதாவது ஆன்டனி டேவிஸ். தொடக்கத்தில் ஸ்பான் என்கிற நண்பரும் கூடப் பாடினார். 1997ல் ஓவர்காஸ்ட் என்ற முதல் ஆல்பம் வந்தபிறகு அவர் விலகிக்கொண்டார். அப்படித்தான் இது இரட்டையர் குழு ஆனது.

ஆனால் இந்தக் கதையில் மூன்றாவதாக ஒருவர் உண்டு. மேடைக்குப் பின்னால் இருந்தவர். பெயர் சித்தீக். ஸ்லக், ஆன்ட், சித்தீக், இன்னொரு ராப் பாடகரான முசாப் ஆகியோர் சேர்ந்து 1995ல் ரைம்சேயர்ஸ் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார்கள். நிறுவனம் என்று சொல்கிறேனே தவிர, அன்றைக்கு அது நண்பர்கள் கூட்டம் ஒன்று நடத்திய கேசட் வியாபாரம்தான். எத்தனை கேசட் போனது, எத்தனை டாலர் வந்தது, எந்தக் கடை இன்னும் பாக்கி வைத்திருக்கிறது என்று பார்ப்பதற்கு ஓர் ஆள் வேண்டும். அந்த வேலையைத் தலையில் போட்டுக்கொண்டவர் சித்தீக். பாட்டைப் பற்றி எழுதுகிறவர்கள் இவரை ஒரு வரியில் தாண்டிப் போய்விடுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை.

கேசட் என்றதும் நம் நேயர்களுக்கு ஊர் ரெக்கார்டிங் சென்டர் ஞாபகம் வரும். துண்டுச்சீட்டில் பாட்டு வரிசை எழுதிக் கொடுத்துவிட்டு, இரண்டு நாள் கழித்துப் போய் வாங்குவோமே, அதுதான். ஹெட்ஷாட்ஸ் என்ற பெயரில் இந்த நண்பர்கள் வெளியிட்ட கேசட்டுகளும் கிட்டத்தட்ட அந்த மாதிரிச் சரக்குதான். கையால் பிரதி எடுத்து, கைக்குக் கை மாறியவை.

அந்தக் காலத்து வீட்டுப் பதிவு எப்படி நடந்தது என்று கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். இதில் எனக்குத் தனி ஆர்வம், பொறுத்துக்கொள்ளுங்கள். ஃபோர் டிராக் என்று ஒரு கருவி இருந்தது. அதில் போடுவது நாம் கடையில் வாங்குகிற அதே கேசட்தான். நாடாவில் ஒலி பதிகிற ஒவ்வொரு தனிக் கோட்டையும் தடம் என்பார்கள். சாதாரண டேப் ரெக்கார்டரில் ஏ பக்கத்துக்கு இரண்டு தடம், திருப்பிப் போட்டால் பி பக்கத்துக்கு இரண்டு தடம். ஃபோர் டிராக் கருவி அந்த நான்கையும் ஒரே திசையில் ஒரே நேரத்தில் பயன்படுத்திவிடும். ஆகவே அந்தக் கேசட்டுக்குப் பி பக்கம் என்று ஒன்று கிடையாது. பல கருவிகள் நாடாவை இரண்டு மடங்கு வேகத்திலும் ஓட்டும், ஒலி தெளிவாக விழும் என்பதற்காக. அப்படியானால் 60 நிமிடக் கேசட்டில் கிடைப்பது எவ்வளவு? ஒரு பக்கம் 30 நிமிடம், அதில் பாதி. பதினைந்தே நிமிடம். தெரியாத்தனமாக அதை வீட்டு டேப் ரெக்கார்டரில் போட்டால் பாட்டு அரை வேகத்தில் முனகும். திருப்பிப் போட்டால் மீதி இரண்டு தடமும் தலைகீழாக ஓடும்.

இருப்பது நான்கு தடம். தாளமும் இசையும் ஸ்டீரியோவாக இரண்டை எடுத்துக்கொண்டால் குரலுக்கு மிச்சம் இரண்டு. ஒன்றில் முழு வரிகள். இன்னொன்றில் வரியின் கடைசிச் சொற்களை மட்டும் மறுபடி அழுத்திச் சொல்வது. ராப்பில் அந்த இரட்டிப்புதான் குரலுக்குக் கனம் தருகிறது. மூன்றாவதாக ஒரு குரல் வேண்டுமென்றால் இசையை ஒரே தடத்துக்குள் ஒடுக்க வேண்டும். அதற்கும் மேலே வேண்டுமென்றால், அப்படிக் கிடைத்த காலித் தடத்துக்கு முதல் இரண்டு குரலையும் கலந்து மாற்றிவிட்டு, பழைய இரண்டையும் அழித்துவிட்டு அங்கே புதிதாகப் பதிய வேண்டும். சிக்கல் அங்கேதான். அழித்தது அழித்ததுதான், திரும்ப வராது. கலக்கும்போது ஒரு குரல் அமுங்கிப் போயிருந்தால் கடைசிவரை அமுங்கியேதான் இருக்கும். ஒவ்வொரு மாற்றலிலும் நாடாவின் இரைச்சல் வேறு கூடிக்கொண்டே போகும். அதனால் பதிகிறவர்கள் முன்கூட்டியே யோசித்து, வரிகளை மனப்பாடமாக வைத்துக்கொண்டு, மூச்சு எங்கே விடுவது என்பதுவரை தீர்மானித்துக்கொண்டுதான் மைக் முன்னால் நிற்பார்கள். எந்த வரியையும் எப்போது வேண்டுமானாலும் வெட்டி ஒட்டலாம் என்கிற இன்றைய வசதி கிடையாது.

பிரதி எடுப்பதிலும் கவனம் வேண்டும். அதிவேகத்தில் எடுத்தால் நேரம் மிச்சம், ஆனால் மேல் ஸ்தாயி மழுங்கிவிடும். ‘ச’, ‘ஸ’ ஒலிகள் கரைந்து போகும். சொல்லை நம்பி இருக்கிற இசைக்கு அது பெரிய நஷ்டம். சில கேசட்டுகளுக்கு ஒருமுறை ஹெட்டை, அதாவது கருவிக்குள் நாடா உரசிப் போகிற முனையை, ஆல்கஹால் தொட்ட பஞ்சால் துடைக்க வேண்டும். விட்டுவிட்டால், பின்னால் எடுக்கிற பிரதிகள் எல்லாம் போர்வைக்குள்ளிருந்து பேசுவதுபோல் கேட்கும்.

சரி, கேசட்டை விட்டு வெளியே வருவோம். 1999ல் ரைம்சேயர்ஸ் தன் ஊரிலேயே ஒரு கடை திறந்தது. ஹென்னபின் அவென்யூவில் ஃபிஃப்த் எலிமென்ட் என்று பெயர். 2020 வரை நடந்தது. கடை எதற்கு என்று கேட்கலாம். மற்றவர் கடையில் உங்கள் இசைத்தட்டை வைத்தால், பெரும்பாலும் விற்ற பிறகுதான் பணம். இரண்டு மாதமோ மூன்று மாதமோ ஆகும், விற்காதது திரும்பியும் வரும். சொந்தக் கடையில் விற்றால் அன்றைக்கே பணம் கைக்கு வருகிறது. யார் எதை வாங்குகிறார்கள், எதை எடுத்துப் பார்த்துவிட்டுத் திரும்ப வைக்கிறார்கள் என்பதும் கண்ணெதிரே தெரிகிறது.

இனி பயணம். நேயர்களே, இவர்களுடைய வளர்ச்சியில் பெரும்பங்கு நெடுஞ்சாலைக்குத்தான். முதலில் உள்ளூர். மினியாபொலிஸில் ஃபர்ஸ்ட் அவென்யூ என்று ஓர் அரங்கம் உண்டு. ஒரு காலத்தில் கிரேஹவுண்ட் பேருந்து நிலையமாக இருந்த கட்டடம். அதன் ஓரத்தில் செவன்த் ஸ்ட்ரீட் என்ட்ரி என்று 250 பேர் நிற்கக்கூடிய சின்ன அறை. பெரிய கூடத்தில் 1,500 பேருக்கு மேல் நிற்கலாம். ஓரத்து அறையிலிருந்து பெரிய கூடத்துக்குப் போவதுதான் அந்த ஊர்க் கலைஞர்கள் எல்லாருக்கும் முதல் பரீட்சை.

அதற்கப்புறம் வேன். மினியாபொலிஸிலிருந்து ஃபார்கோ சுமார் 380 கிலோமீட்டர். மாடிசன் 430. சிகாகோ 650. ஓர் இரவு நிகழ்ச்சி, மறுநாள் நான்கைந்து மணி நேர ஓட்டம், மறுபடி நிகழ்ச்சி. பெரிய ராப் கலைஞர்கள் எட்டிப் பார்க்காத கல்லூரி ஊர்களுக்கு இவர்கள் போனார்கள். அங்கே வருகிறவர்களுக்கு அந்த மாதம் கேட்கக் கிடைக்கிற ஒரே ராப் நிகழ்ச்சி அதுவாகக்கூட இருக்கலாம். எண்பது பேர் வந்தால், அடுத்த முறை அந்த எண்பது பேரும் ஆளுக்கொரு நண்பரைக் கூட்டிவருவார்கள். ஒரே ஊருக்கு மறுபடி மறுபடி போவதில்தான் சூட்சுமம். நெருக்கி நெருக்கிப் போனால் கூட்டம் சலித்துவிடும், இரண்டு வருடம் கழித்துப் போனால் மறந்துவிடும்.

அரங்கத்தோடு பேசும் பேரமும் இரண்டு வகை. நிச்சயத் தொகை ஒன்று, வாசல் வசூலில் பங்கு இன்னொன்று. பெயர் தெரியாத குழுவுக்கு நிச்சயத் தொகை குறைவாகத்தான் இருக்கும். அது பெட்ரோலுக்கும் அறை வாடகைக்கும் சரியாகப் போய்விடும். அப்படியானால் சாப்பாட்டுக்கு?

அதற்குத்தான் விற்பனை மேசை. இதை மறுபடி சொல்கிறேன், குறித்துக்கொள்ளுங்கள்: விற்பனை மேசை. அரங்கத்தின் பின்பக்கம் ஒரு மடக்கு மேசை, அதன்மேல் குறுந்தகடும் டிசர்ட்டும். அட்மாஸ்ஃபியர் இந்த மேசைக்கென்றே ஆல்பம் செய்தார்கள். சாட் க்ளவுன் பேட் டப் என்கிற வரிசை. 2000ல் அதன் இரண்டாவது வெளியீடு சுற்றுப்பயணத்தில் விற்பதற்காகவே வந்தது. கடையில் தேடினால் கிடைக்காது, நிகழ்ச்சிக்கு வந்தால்தான் கிடைக்கும்.

ஒரு மாதிரிக் கணக்குப் போடுவோம். கடையில் 15 டாலருக்கு விற்கிற குறுந்தகடு. கடைக்காரர் வாங்குவது 10 டாலருக்கு என்று வையுங்கள். விநியோகஸ்தர் அதில் கால் பங்கு எடுத்தால் ஏழரை டாலர் மிஞ்சும், அதுவும் மாதக்கணக்கில் தாமதமாக, அச்சடித்த செலவும் அதிலிருந்துதான் போக வேண்டும். பெரிய நிறுவன ஒப்பந்தம் என்றால் கலைஞருக்கு நூற்றுக்குப் பன்னிரண்டு, பதினைந்து பங்கு என்பார்கள். அந்தப் பங்கிலிருந்துதான் முன்பணத்தையும், வீடியோ செலவு போன்றவற்றையும் கழிப்பார்கள். கழித்து முடிவதற்குள் ஆல்பம் பழசாகிவிடும். மேசையில் அதே குறுந்தகடு 10 டாலர். அச்சடித்த செலவு ஒன்றரை, இரண்டு டாலர் போனால் மிச்சம் எட்டு டாலர், அன்றிரவே கையில். பெரிய அரங்கங்கள் சில இதிலும் நூற்றுக்குப் பத்து, இருபது என்று கேட்கும். ஒப்பந்தம் பேசும்போதே அதைத் தீர்த்துக்கொள்ள வேண்டும், நிகழ்ச்சி முடிந்து இரவு ஒரு மணிக்கு வாதாடிப் பயனில்லை.

மேசையை வெளியேறும் வழியில் போட வேண்டும், மேடைக்குப் பக்கத்தில் போட்டால் நெரிசலில் யாரும் நிற்கமாட்டார்கள். சில்லறை நோட்டு நிறைய வேண்டும். டிசர்ட்டில் மீடியமும் லார்ஜும்தான் முதலில் தீரும், எல்லா அளவிலும் சமமாக அடித்தவர்கள் வேன் நிறைய ஸ்மாலைச் சுமந்துகொண்டு ஊர் திரும்புவார்கள். கதவு திறக்குமுன் ஒருமுறையும் மூடிய பிறகு ஒருமுறையும் எண்ண வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலே, பாடியவரே வந்து மேசையருகில் நிற்க வேண்டும். ஸ்லக் அதைச் செய்தார், கையெழுத்துப் போட்டுக்கொண்டு, வந்தவர்களோடு பேசிக்கொண்டு. காதல் முறிவு, குடி, வேலை, வீட்டு வாடகை என்று சொந்த வாழ்க்கையைப் பாட்டில் வைக்கிறவரிடம் கேட்பவர்களுக்குப் பேச நிறைய இருக்கத்தானே செய்யும்.

பலன் படிப்படியாகத்தான் வந்தது. 2002ல் காட் லவ்ஸ் அக்லி, பட்டியலில் 139ஆம் இடம், விநியோகித்தது ஃபேட் பீட்ஸ் என்ற நிறுவனம். 2003ல் செவன்ஸ் டிராவல்ஸ், 83ஆம் இடம். அதற்கு லாஸ் ஏஞ்சலஸின் எபிடாஃப் நிறுவனத்தோடு சேர்ந்தார்கள். எபிடாஃப், வேகமும் முரட்டுத்தனமும் கலந்த பங்க் ராக் இசையை வெளியிடுகிற நிறுவனம். ராப் குழு பங்க் நிறுவனத்தோடு ஏன் சேர வேண்டும்? சிறிய அரங்கம், வேன் பயணம், மேசை விற்பனை எல்லாம் பங்க் குழுக்களுக்கும் பழக்கமான தொழில்முறை, அவர்களுடைய ரசிகர்களும் அப்படித்தான் வாங்கிப் பழகியவர்கள். 2005 ஆல்பத்துக்கு 66ஆம் இடம். அதற்கடுத்த பெரிய ஆல்பம்தான் நான் முதலில் சொன்ன எலுமிச்சம்பழம். இடையில் 2004ல் ராப் உலகில் பெரிய பெயரான எம்எஃப் டூம் தன் ஆல்பத்தை ரைம்சேயர்ஸ் வழியாக வெளியிட்டார் என்றால், கேசட் வியாபாரம் எங்கே வந்து நின்றது என்று நீங்களே பார்த்துக்கொள்ளலாம்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தயாரிப்பாளர் கடிகாரத்தைக் காட்டுகிறார். ஆன்டின் இசையைப் பற்றித் தனியாகப் பத்து நிமிடம் வைத்திருந்தேன், மூன்று வாக்கியத்தில் முடிக்கிறேன். பழைய இசைத்தட்டிலிருந்து ஒரு துண்டை எடுத்து ராப்பில் பயன்படுத்தினால் இரண்டு அனுமதி வேண்டும், ஒன்று பதிவின் உரிமையாளரிடம், மற்றது பாட்டை இயற்றியவரிடம். விற்பனை பெருகப் பெருக அந்தச் செலவும் வழக்கு பயமும் பெருகும். 2008 ஆல்பத்தில் கிதாரும் கீபோர்டும் ஆட்களை வைத்து நேரடியாக வாசிக்கப்பட்டிருப்பதைக் கேட்கும்போது இதையும் மனதில் வையுங்கள்.

சவுண்ட்செட் விழாவைப் பற்றியும் சொல்ல வேண்டும். 2008ல் மெட்ரோடோம் மைதானத்தின் வண்டி நிறுத்துமிடத்தில் ரைம்சேயர்ஸ் தொடங்கிய ராப் திருவிழா, பிறகு ஷாக்கப்பீ குதிரைப் பந்தய மைதானம், 2016லிருந்து மாநிலப் பொருட்காட்சித் திடல், 2019 வரை நடந்தது. புதிதாகக் கேட்கிறவர்கள் 2008 ஆல்பத்தில் தொடங்கி 2002க்குப் போங்கள், முதல் ஆல்பத்தைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். வீட்டில் குழந்தைகள் இருந்தால் ஹெட்ஃபோன் போட்டுக்கொள்வது நல்லது. நன்றி, வணக்கம்.