தலையங்கம் எழுதுற ஆளுக்கு ஏன் பேர் இல்ல? | மட்டக்களப்பு வ்லாக்

வணக்கம் எல்லாருக்கும், இண்டைக்கு சாப்பாட்டு வீடியோ இல்ல, காந்தி பார்க்குல வாவிப் பக்கமா நிக்கிறன், காத்துச் சத்தம் மைக்ல விழும், கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்க. பேப்பர்ல ஆசிரியர் தலையங்கம் வாற பக்கம் இரிக்கே, நாம எல்லாரும் தட்டிட்டு விளையாட்டுச் செய்திக்குப் போயிருவமே, அந்தப் பக்கத்தப் பாக்கிற ஆளப் பத்தித்தான் கதைக்கப் போறன்.

நான் கொழும்புல ஒரு தமிழ் பேப்பர்ல கொஞ்சக் காலம் சப் எடிட்டரா வேல செஞ்சிருக்கன். அங்க அந்தப் பக்கத்துக்கெண்டே ஒரு ஐயா இருந்தாரு. காலையில வந்தா முதல்ல மத்தப் பேப்பர் எல்லாம் வாசிப்பாரு, சிங்களம் இங்கிலிஷ் ஒண்டும் விடமாட்டாரு, மறுகா பிரதம ஆசிரியரோட இருந்து இண்டைக்கு என்னத்தப் பத்தி எழுதுறண்டு முடிவெடுக்கணும், அதுக்கிடையில கட்டுரை அனுப்பின பேராசிரியர் மூண்டு தரம் கோல் எடுப்பாரு, ஏன் என்ட கட்டுரைய வெட்டினண்டு.

வாசகர் கடிதமும் அவர்தான் பாக்கிற. செங்கலடிப் பக்கமிருந்து ஒரு விவசாயி கொப்பித் தாள்ல நாலு பக்கம், யானை வேலியப் பத்தி. முதல் ரெண்டு பக்கமும் வணக்கமும் வாழ்த்தும்தான். ஐயா சிவப்புப் பேனயால கோடு கோடா அடிச்சு வந்து கடைசியில அஞ்சு வரி மிஞ்சிச்சு, ஆனா அந்த அஞ்சு வரியில ஒரு சொல்லையும் மாத்தல்ல. 'கரண்ட் இல்லாத வேலியில யானை முதுகு சொறியிது' எண்டு அந்த மனுஷன் எழுதியிருந்தாரு, அது அப்பிடியே வந்திச்சு. அண்டைக்கு முழுப் பேப்பர்லயும் நல்ல வசனம் அதுதான், தலையங்கத்தையும் சேத்துத்தான் சொல்லுறன்.

இன்னொரு நாள் பேஜ் முடிச்சு அனுப்பப் போற நேரம் ஒரு அமைச்சர் ராஜினாமா எண்டு நியூஸ். நம்மட பக்கம் வாற பேப்பர் தூர ஓடணும், அதால லேட் பண்ண ஒண்ணா. எழுதி வச்ச தலையங்கத்தத் தூக்கிப் போட்டுட்டு, டைப் பண்ணுற பிள்ளைக்குப் பக்கத்தில நிண்டு வாயால சொல்லச் சொல்ல அவ அடிச்சா. அடுத்த நாள் ஊரெல்லாம் அதப் பத்திக் கதைக்கிது, எழுதினது ஆரெண்டு ஒருத்தருக்கும் தெரியா. தலையங்கத்துக்குப் பேர் போடுறல்ல, அது பேப்பர்ட கருத்து. முதலாளி ஒண்டு நினைப்பாரு, எழுதுறவர்ட மனசில வேற ஒண்டு இரிக்கும், ஆனா அச்சில 'நாம்' எண்டுதான் வரும்.

நம்மட மட்டக்களப்பு மனுஷன் எஸ்.டி. சிவநாயகம், சுதந்திரன் பேப்பருக்கு ஆசிரியரா இருந்தவரு, 1966ல தினபதி பேப்பர் தொடங்கக்குள்ள அதுக்கும் ஆசிரியர், சிந்தாமணிக்கும் அவர்தான். தினபதியில தினம் ஒரு சிறுகதை போட்டு எத்தின புது ஆக்களுக்கு எழுத வழி விட்டாரு. 1974ல அவசரகாலச் சட்டத்தில தினபதி நடத்தின கம்பெனிக்கே அரசாங்கம் சீல் வச்சிச்சு, மறுகா 1977லதான் திறந்த. இங்க ரோட்டுல நிக்கிற பொடியன்மாரிட்ட அவர்ர பேரக் கேட்டுப் பாருங்க, ஆரு அதெண்டு கேப்பாங்க.

பேர் போட்டு எழுதினா என்ன நடந்ததெண்டும் இந்த ஊருக்குத் தெரியும். வீரகேசரி பேப்பருக்கு இங்க இருந்து எழுதின நடேசன் 2004 மே 31ல இதே டவுனுக்குள்ள சுடப்பட்டாரு. தராக்கி எண்ட பேர்ல பத்தி எழுதின சிவராம், அவரும் மட்டக்களப்புதான், 2005 ஏப்ரல் 28ல கொழும்புல கடத்தி, அடுத்த நாள் பொடிதான் கிடைச்சது. ஒருத்தருக்கும் தண்டனை இல்ல. கொல்லப்பட்ட ஊடகக்காரருக்கு இந்தப் பார்க்குலதான் தூபி இரிக்கு, போறவாற ஆக்கள் அதுக்கு முன்னால நிண்டு செல்ஃபி எடுக்காங்க, என்னத்தச் சொல்ல.

இந்த வேலைக்கு ஆசப்படுற பிள்ளைகள், சம்பளத்தப் பாத்துப் போகாதீங்க, அது சொல்லிக்கொள்ளுற மாதிரி இல்ல. முதல்ல வாசகர் கடிதம் எழுதி அனுப்பிப் பாருங்க, எத வெட்டுறாங்க எத விடுறாங்க எண்டு கவனிங்க. பழைய சுதந்திரன் பேப்பர் 'நூலகம்' (noolaham.org) எண்ட வெப்சைட்ல ஸ்கேன் பண்ணிக் கிடக்கு, சும்மா திறந்து ஒரு தலையங்கம் வாசிங்க. பேட்டரி முடியப் போகுது, வாறன்.