ராஜ்குமாரின் குரல்

நேயர்களுக்கு வணக்கம். கன்னட நடிகர் டாக்டர் ராஜ்குமார் என்றாலே நம் பக்கத்தில் உடனே கேட்பது, 2000-ஆம் ஆண்டு கஜனூரிலிருந்து வீரப்பன் அவரைக் கடத்திப்போன 108 நாள் கதையைத்தான். இன்று அதற்குள் நான் போகவில்லை. இருநூறு படங்களுக்கு மேல் நடித்த மனிதரை அந்தக் காட்டுக்குள்ளேயே விட்டுவிட்டோமே என்பது என் நெடுநாள் ஆதங்கம். நான் பேச வந்தது அவருடைய குரலைப் பற்றி.

அது நாடக மேடையில் பழகிய குரல். அப்பா புட்டசாமய்யா நாடக நடிகர். பிள்ளை முத்துராஜ், பள்ளிக்கூடத்தைச் சின்ன வயதிலேயே விட்டுவிட்டு, குப்பி வீரண்ணா நாடகக் கம்பெனியில் வளர்ந்தவர். கம்பெனி நாடகத்தில் நடிப்பு வேறு, பாட்டு வேறு இல்லை. 1954-இல் 'பேடர கண்ணப்பா' படத்தில் நாயகனாகி, முத்துராஜ் ராஜ்குமார் ஆனார்.

அப்புறம் நடந்ததைப் பாருங்கள். நன்றாகப் பாடத் தெரிந்த அந்த நடிகருக்குப் பல வருஷங்கள் பி.பி.ஸ்ரீநிவாஸ்தான் பாடினார். ஆமாம், ஜெமினி கணேசனுக்குப் பாடினாரே, அதே பி.பி.எஸ்.தான். கன்னட ரசிகர்களுக்கு அவர்தான் ராஜ்குமாரின் குரல். அப்படி ஒரு பொருத்தம்.

1974-இல் 'சம்பத்திகெ சவால்' வந்தது. நாயகன் எருமை மேல் உட்கார்ந்து பாடிக்கொண்டு வருகிற பாட்டு. பி.பி.எஸ். பாட முடியாமல் போகவே, இசையமைப்பாளர் ஜி.கே.வெங்கடேஷ் ராஜ்குமாரையே பாடவைத்தார். முன்பும் அவர் எப்போதாவது பாடியதுண்டு. ஆனால் இந்தப் பாட்டோடு நிலைமையே மாறிவிட்டது. வாய்ப்புக் கிடைத்தால் கேட்டுப் பாருங்கள். வயற்காட்டில் எதிர்க் கரையில் நிற்பவனைக் கூப்பிடுகிற மாதிரி தொண்டையைத் திறந்து பாடுகிறார். மெருகுக்காக எங்கேயும் அடக்கிக்கொள்ளவில்லை. அப்போது அவருக்கு வயது 45! பாடகர்கள் பெயர் வாங்கி முடித்திருக்கும் வயதில் இவர் தொடங்குகிறார். அதன்பின் தன் பாட்டைப் பெரும்பாலும் தானே பாடினார்.

கிராமத்துப் பாட்டு சரி, சாஸ்திரீயம் வருமா என்று கேட்பவர்களுக்கு 1992-இல் வந்த 'ஜீவன சைத்ர' பதில் சொல்லும். அதில் தோடி ராகத்தில் ஒரு பாட்டு. தோடி, வருஷக்கணக்கில் பயின்ற வித்வான்களே பயந்து தொடுகிற ராகம். அறுபதைத் தாண்டிய ஒரு நடிகர் அதைப் பாடி, சிறந்த பின்னணிப் பாடகருக்கான தேசிய விருதை வாங்கினார். நடிப்புக்காக தாதாசாகேப் பால்கே விருது வாங்கியவர்தான். ஆனாலும் என் கணக்கில் இந்தப் பாட்டு விருதுதான் ஒரு படி மேல். மறுபடியும் சொல்கிறேன், அது நாடகக் கம்பெனி கொடுத்த தொண்டை.

இன்றும் நவம்பர் முதல் தேதி, கர்நாடக மாநிலம் உருவான நாளான ராஜ்யோத்சவத்தன்று, கர்நாடகத்தின் தெருக்களில் ஒலிப்பது அந்தக் குரல்தான். ராகவேந்திர சுவாமி மேல் அவர் பாடிய பாட்டுகளும் அப்படியே, வீட்டுப் பாட்டுகளாகிவிட்டன.

கர்நாடகத்தில் கன்னடத்துக்கு முதலிடம் கேட்டு அவர் முன்னின்ற கோகாக் போராட்டம் பற்றி விரிவாகச் சொல்ல நினைத்தேன், நேரம் நெருங்கிவிட்டது. இதை மட்டும் சொல்லிவிடுகிறேன். 2006 ஏப்ரல் 12 அன்று அவர் மறைந்தபோது, அவர் விருப்பப்படி கண்கள் தானமாகத் தரப்பட்டன. 2021-இல் இளைய மகன் புனீத் மறைந்தபோதும் அப்படியே. அதைப் பார்த்துக் கண்தானத்துக்குப் பெயர் கொடுக்க ரசிகர்கள் திரண்டு வந்தார்கள். வணக்கம்.