ஜெஃப் ஃபெனெக்கும் அவர் மூலையில் நின்றவரும்

நேயர்களுக்கு வணக்கம். ஆஸ்திரேலியக் குத்துச்சண்டை வீரர் ஜெஃப் ஃபெனெக்கைப் பற்றி இன்று பேசப்போகிறேன். அவர் வென்ற பட்டங்களை வரிசையாக அடுக்குவது என் நோக்கம் இல்லை. ஒலிம்பிக் மேடையிலிருந்து இறங்கிய ஓர் அமெச்சூர் வீரர், பணத்துக்காக ஆடும் தொழில்முறை வீரராக மாறுகிறார். அந்த மாற்றத்தின்போது அவருக்கு என்ன நடக்கிறது? பல ஆண்டுகளாக என் மனதை விட்டு அகலாத கேள்வி இது. இதற்கு ஃபெனெக்கின் கதையைவிடத் தெளிவாகப் பதில் சொல்லும் கதை எனக்குத் தெரிந்து வேறு இல்லை.

இரண்டும் ஒரே விளையாட்டுதானே, இங்கே பணம் இல்லை, அங்கே பணம் உண்டு, அவ்வளவுதானே என்று பலரும் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. கேட்டுக்கொண்டிருக்கும் நீங்களே ஒன்று செய்து பாருங்கள். இரண்டு கைகளையும் முஷ்டியாக மடக்கி, கன்னத்தருகே தூக்கி வைத்துக்கொள்ளுங்கள். யாரையும் குத்த வேண்டாம், சும்மா வைத்திருந்தால் போதும். மூன்று நிமிடம் கழித்துத் தோள் என்ன சொல்கிறது என்று பாருங்கள். அது ஒரு சுற்று. ஃபெனெக் காலத்து அமெச்சூர் போட்டியில் இப்படி மூன்று சுற்று, மொத்தம் 9 நிமிடம். அவர் தொழில்முறையில் வென்ற முதல் உலகப் பட்டத்துக்கான போட்டி எத்தனை சுற்று தெரியுமா? 15. கணக்குப் போட்டால் 45 நிமிடம். 9 எங்கே, 45 எங்கே!

நேரம் மட்டுமா மாறுகிறது? 1984 லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக்கில்தான் முதன்முதலாகத் தலைக்கவசம் கட்டாயமானது. தொழில்முறைக்குப் போனால் அது கிடையாது. அமெச்சூர் வீரர் ஒரு குத்தில் கொஞ்சம் தடுமாறினாலே, கீழே விழாவிட்டாலும் நடுவர் குறுக்கே வந்து எட்டு வரை எண்ணுவார். தொழில்முறையில் பெரும்பாலும் அந்தச் சலுகை இல்லை. அப்புறம், ஒலிம்பிக் வீரர் இரண்டு வாரத்துக்குள் நான்கைந்து பேரோடு மோத வேண்டும், போட்டி நாளில் எடையையும் காட்ட வேண்டும். தொழில்முறை வீரருக்கு ஒரே ஓர் எதிராளி. அந்த ஒருவரை மனதில் வைத்து வாரக்கணக்கில் தயாராகலாம். எதிராளியும் இவரை மனதில் வைத்துத் தயாராகிறார், அதையும் மறக்கக் கூடாது.

சரி, ஃபெனெக்குக்கு வருவோம். 1964இல் சிட்னியில் பிறந்தவர். பெற்றோர் மால்டாவிலிருந்து குடியேறியவர்கள். நகரின் உள்மேற்குப் பகுதியில், புலம்பெயர்ந்த தொழிலாளர் குடும்பங்கள் நெருக்கி வாழ்ந்த தெருக்களில் வளர்ந்தார். பிற்காலத்தில் மாரிக்வில் என்ற பகுதியின் பெயரோடு சேர்த்தே அவரை அழைத்தார்கள். தெருவில் கைகலப்புக்குத் தயங்காத பையன். நியூ சவுத் வேல்ஸில் இளைஞர்களுக்காகக் காவல்துறை நடத்திவந்த மன்றங்கள் உண்டு. அவற்றில் ஒன்று நியூடவுனில் இருந்தது. அங்கே பையன்களுக்குக் குத்துச்சண்டை சொல்லிக்கொடுத்தவர் ஜானி லூயிஸ். அந்தப் பெயரை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்பத் திரும்பச் சொல்லப்போகிறேன்.

பதின்வயது முடியும் தறுவாயில்தான் ஃபெனெக் அந்த மன்றத்துக்குள் நுழைந்தார். சில ஆண்டுகளில் ஒலிம்பிக் அணிக்கே வந்துவிட்டார். வந்தது மட்டுமல்ல, 1984இல் ஆஸ்திரேலியக் குத்துச்சண்டை அணிக்குத் தலைவரும் அவர்தான். ஃப்ளைவெயிட், அதாவது 51 கிலோ எடைப்பிரிவு. வயது 20.

லாஸ் ஏஞ்சலஸில் நடந்ததைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன். இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு இன்னும் ஆற்றாமை வருகிறது. காலிறுதியில் யூகோஸ்லாவியாவின் ரெஜெப் ரெஜெபோவ்ஸ்கியோடு ஃபெனெக் மோதுகிறார். குத்துச்சண்டையில் அரையிறுதியில் தோற்கும் இருவருக்குமே வெண்கலம் உண்டு என்பது உங்களுக்குத் தெரிந்திருக்கும். ஆகவே காலிறுதியை வென்றால் பதக்கம் நிச்சயம், தோற்றால் வெறுங்கை. மேடையைச் சுற்றி ஐந்து நடுவர்கள். மூன்று பேர் ஃபெனெக் வென்றார் என்று குறித்தார்கள், இரண்டு பேர் ரெஜெபோவ்ஸ்கி என்றார்கள். மூன்றுக்கு இரண்டு, ஃபெனெக்குக்கு வெற்றி. வேறெந்த ஒலிம்பிக்காக இருந்தாலும் கதை அங்கே முடிந்திருக்கும்.

ஆனால் அந்த ஒலிம்பிக்கில் ஒரு விதி இருந்தது. தீர்ப்பு மூன்றுக்கு இரண்டு என்று வந்தால், தனியாக உட்கார்ந்திருக்கும் மேல்நிலை நடுவர் குழு அதை மறுபரிசீலனை செய்யலாம். குழு பரிசீலித்தது. தீர்ப்பைத் தலைகீழாக மாற்றியது. ஃபெனெக் தோற்றவர் ஆனார். ரெஜெபோவ்ஸ்கி இறுதிப்போட்டி வரை போய் வெள்ளி வாங்கினார். இறுதியில் அவரை வென்று தங்கம் வாங்கியவர் அமெரிக்காவின் ஸ்டீவ் மெக்ரோரி. இந்தப் பெயரும் திரும்ப வரும்.

நடுவர்கள் தவறு செய்வார்கள், மேலே ஒரு குழு இருப்பது நல்லதுதானே என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. என் வாதம் இதுதான். ஒரு சுற்று முடிந்த கையோடு அதைப் பக்கத்திலிருந்து பார்த்தவர் இடும் புள்ளிக்கும், எல்லாம் முடிந்த பிறகு மேசையில் கூடிப் பேசி எடுக்கும் முடிவுக்கும் ஒரே மதிப்பைத் தர முடியாது. மேசையில் முடிவு மாறும்போது, எந்தக் குத்துக்காக மாறியது என்று வீரருக்கு யாரும் சொல்வதில்லை. தோற்றதற்குக் காரணம் தெரிந்தால் ஒருவர் அதைத் திருத்திக்கொள்ளலாம். காரணமே தெரியாத தோல்வியை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

ஃபெனெக் ஊர் திரும்பினார். ஆகஸ்டில் ஒலிம்பிக் முடிந்தது, அக்டோபரில் தொழில்முறை வீரராக மேடையேறிவிட்டார். இடையில் இரண்டே மாதம். அடுத்து நடந்ததை இன்றைக்கும் ஆஸ்திரேலியாவில் வியந்து பேசுகிறார்கள். ஆறு போட்டிகள் முடிந்தன. ஏழாவது போட்டியே உலகப் பட்டத்துக்கானது. 1985 ஏப்ரல் 26, சிட்னி. எதிரே ஜப்பானின் சதோஷி ஷிங்காகி, உலகப் பட்டம் வழங்கும் அமைப்புகளில் ஒன்றான ஐபிஎஃப்பின் பாண்டம்வெயிட் எடைப்பிரிவு சாம்பியன். ஒன்பதாவது சுற்றில் போட்டி நிறுத்தப்பட்டது, பட்டம் ஃபெனெக்குக்கு. தொழில்முறைக்கு வந்து ஏழு மாதம்கூட ஆகவில்லை, வயது 21 ஆக இன்னும் ஒரு மாதம் இருந்தது.

எப்படி முடிந்தது? நான் சொல்ல வந்த விஷயமே இதுதான். ஃபெனெக்கின் ஆட்டம் ஆரம்பத்திலிருந்தே 9 நிமிடத்துக்கான ஆட்டம் இல்லை. அவர் எதிராளியை நகரவிடாமல் முன்னேறிக்கொண்டே இருப்பார். விலாவில் குத்துவார், வயிற்றில் குத்துவார், மறுபடியும் விலாவில் குத்துவார். மூன்று சுற்றில் அந்தக் குத்துகளின் பலன் வெளியே தெரியாது. விலாவில் விழும் குத்து எட்டாவது சுற்றில்தான் பேசும். அமெச்சூர் மேடையில் நடுவர் கண்ணுக்குச் சுத்தமாகத் தெரிவது தூரத்தில் நின்று முகத்தில் விடும் நேர்குத்து. நெருங்கி நின்று உடம்பில் போடும் உழைப்பு அவ்வளவு எளிதாகக் கண்ணில் படாது. ஃபெனெக் தனக்குப் பொருந்தாத மேடையில் நின்று ஒலிம்பிக் காலிறுதி வரை போனவர். பொருந்தும் மேடை கிடைத்ததும் ஏழு மாதத்தில் உலக சாம்பியன்.

இன்னொரு காரணம் ஜானி லூயிஸ். சுற்றுகளுக்கு இடையே வீரர் வந்து உட்காரும் மேடை மூலையில் ஒருவர் நின்று அவருக்கு வழி சொல்வார். ஒலிம்பிக் போட்டிகளில் அப்படி மூலையில் நிற்பவர் பெரும்பாலும் தேசிய அணியின் பயிற்சியாளர். தொழில்முறைக்குப் போனதும் பலருக்கு எல்லாமே மாறுகிறது. புது மேலாளர், புதுப் பயிற்சியாளர், புதுக் கூடம், சிலருக்கு ஊரே புதிது. கற்ற ஆட்டத்தை மாற்று என்று ஒருவர் சொல்வார், மாற்றாதே என்று இன்னொருவர் சொல்வார். ஃபெனெக்குக்கு அந்தக் குழப்பம் இல்லை. நியூடவுன் மன்றத்தில் முதல்நாள் கையில் துணி சுற்றக் கற்றுக்கொடுத்த ஆளே உலகப் பட்டப் போட்டியிலும் மூலையில் நின்றார். கைத்துணி என்றதும் ஒன்று சொல்லியாக வேண்டும். ஃபெனெக்கின் கை எலும்புகள் பலமில்லாதவை. அடிக்கடி உடையும். இலகு எடைத் தொழில்முறைக் கையுறை 8 அவுன்ஸ்தான், ஏறக்குறைய 227 கிராம். அவ்வளவு மெல்லிய பஞ்சுக்குள் அந்தக் கைகள் 15 சுற்று தாங்க வேண்டும். எப்போது கையை விட வேண்டும், எப்போது அடக்க வேண்டும் என்று தெரிந்த ஒருவர் பக்கத்தில் இல்லாவிட்டால் அவர் வாழ்க்கை இரண்டே ஆண்டில் முடிந்திருக்கும்.

இப்போது மெக்ரோரி. 1984 ஒலிம்பிக் ஃப்ளைவெயிட் தங்கம் வாங்கியவர் என்று சொன்னேன் அல்லவா? 1986 ஜூலையில் அவரே சிட்னிக்கு வந்தார், ஃபெனெக்கின் பட்டத்தைப் பறிக்க. 15 சுற்றுப் போட்டி. 14ஆவது சுற்றில், மெக்ரோரி மேற்கொண்டு ஆட முடியாத நிலையில், போட்டி நிறுத்தப்பட்டு ஃபெனெக் வென்றார். கவனியுங்கள், 14ஆவது சுற்று. ஒலிம்பிக்கில் போல 9 நிமிடத்தில் முடித்திருந்தால் தீர்ப்பு எப்படி வந்திருக்குமோ, யாருக்கும் தெரியாது. தங்கப் பதக்கமும் உலகப் பட்டமும் ஒரே மேடையில் மோதின, 14ஆவது சுற்றில் பதில் கிடைத்தது. எனக்கு அந்த ஒரு போட்டி போதும்.

அதற்குப் பிறகு உள்ளவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1987இல் தாய்லாந்தின் சமர்த் பயாகரூனை நான்காவது சுற்றில் வீழ்த்தி இரண்டாவது எடைப்பிரிவில் பட்டம். 1988இல் புவேர்ட்டோ ரிக்கோவின் விக்டர் காயேஹாஸை வென்று மூன்றாவது எடைப்பிரிவில் பட்டம். கைகள் ஒத்துழைக்காமல் கொஞ்ச காலம் விலகியிருந்தார். 1991 ஜூனில் லாஸ் வேகஸில், கானா நாட்டின் மாபெரும் வீரர் அசூமா நெல்சனோடு நான்காவது பட்டத்துக்கு மோதினார். ஒரு நடுவர் ஃபெனெக் என்றார், ஒருவர் நெல்சன் என்றார், மூன்றாமவர் சமம் என்றார். போட்டி டிரா ஆனது, பட்டம் நெல்சனிடமே தங்கியது. பார்த்த பலரும் ஃபெனெக் வென்றார் என்றுதான் சொன்னார்கள். 31 ஆண்டுகள் கழித்து, 2022இல், அந்தப் பட்டத்தை வழங்கும் டபிள்யூபிசி அமைப்பு அந்தப் போட்டியை மறுபடி ஆராய்ந்து ஃபெனெக்கே வென்றவர் என்று அறிவித்தது.

நீங்கள் என்னைக் கேட்பீர்கள், இதுவும் மேசையில் மாற்றிய முடிவுதானே என்று. ஆமாம். ஃபெனெக்குக்குக் கிடைத்ததில் எனக்கு மகிழ்ச்சிதான், அவருக்கு அது சேர வேண்டியதே. ஆனாலும் என் கருத்து மாறவில்லை. 1984இல் பறித்ததும் தவறு, 2022இல் கொடுத்தது மிகவும் தாமதம். அன்றிரவே, மேடையருகே, சரியாகப் புள்ளியிடக் கற்ற நடுவர்களை வளர்ப்பதற்கு மாற்று எதுவும் இல்லை.

நேரம் ஓடிவிட்டது, அறிவிப்பாளர் கை காட்டுகிறார். கோஸ்ட்யா சூவைப் பற்றி விரிவாகச் சொல்ல வைத்திருந்தேன், வேகமாகச் சொல்கிறேன். சோவியத் யூனியனின் அமெச்சூர் நட்சத்திரம் அவர். 1991இல் சிட்னியில் நடந்த உலக அமெச்சூர் போட்டியில் தங்கம் வாங்கினார். அங்கே அவரைப் பார்த்தவர் யார்? அதே ஜானி லூயிஸ். அடுத்த ஆண்டே சூ ஆஸ்திரேலியாவுக்குக் குடிவந்துவிட்டார். 1992 மார்ச்சில் மெல்பர்னில் நெல்சனிடம் ஃபெனெக் முதல் தோல்வியைச் சந்தித்த அதே இரவில், அதே நிகழ்ச்சியில், சூவின் தொழில்முறை முதல் போட்டி நடந்தது. பின்னாளில் சூ உலக சாம்பியன் ஆனார். 2005இல் மான்செஸ்டரில் இங்கிலாந்து வீரர் ரிக்கி ஹாட்டனோடு 11 சுற்று முடிந்து அவர் உட்கார்ந்தபோது, போதும், இனி அனுப்ப மாட்டேன் என்று முடிவெடுத்தவரும் லூயிஸ்தான். மீதி ஒரே ஒரு சுற்று. அதை நிறுத்த எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும் என்று யோசித்துப் பாருங்கள்.

ஜெஃப் ஹார்ன், பிரிஸ்பேனின் பள்ளி ஆசிரியர், 2012 லண்டன் ஒலிம்பிக் காலிறுதியில் தோற்றவர், 2017இல் சொந்த ஊரில் 51,000 பேருக்கு மேல் கூடியிருக்க பிலிப்பைன்ஸின் உலகப் புகழ் வீரர் மேனி பக்கியாவோவை வென்றார். அவருக்கும் ஆரம்பம் முதல் ஒரே பயிற்சியாளர்தான், கிளென் ரஷ்டன். கடைசியாக இன்னொரு ஆஸ்திரேலிய வீரர், ஹாரி கார்சைட். 2016 முதல் தொழில்முறை வீரர்களும் ஒலிம்பிக்கில் ஆடலாம் என்று விதி மாறிவிட்டது. கார்சைட் முதலில் தொழில்முறைப் போட்டியில் ஆடிவிட்டு, பிறகு டோக்கியோ ஒலிம்பிக்குக்குப் போய் வெண்கலம் வாங்கினார். 1988க்குப் பிறகு ஆஸ்திரேலியாவுக்குக் குத்துச்சண்டையில் கிடைத்த முதல் ஒலிம்பிக் பதக்கம் அது. அந்த விதி நல்லதா கெட்டதா என்று பேச இன்னொரு நாள் வாய்ப்புக் கிடைத்தால் வருகிறேன். வணக்கம்.